நாலு வரி கேட்டிருந்தாய்

அன்புள்ள கண்ணம்மாவுக்கு,

குட்டிக்குப் பள்ளியில் பேச்சுப் போட்டி, 'கதைகளும் கவிதைகளும் கற்றுத்தரும் நற்பண்புகள்' என்பது தலைப்பு, நாலு வரி எழுதி அனுப்பம்மா என்று செய்தி அனுப்பியிருந்தாய். வெகுநாள் கழித்து உன்னிடமிருந்து வந்தது அது ஒன்றுதான். எப்படி இருக்கிறாய் என்று நான் கேட்டதற்கு இன்னும் பதில் இல்லை. சரி, வேலையாக இருந்திருப்பாய்.

குட்டிக்கு வேண்டியதைத் தனித்தாளில் பெரிய எழுத்தில் எழுதி வைத்திருக்கிறேன். அவளே படித்துக்கொள்வாள். இது உனக்கு. போனில் பேசினால் 'எல்லாம் நன்றாக இருக்கிறதம்மா' என்று முடித்துவிடுகிறாய், அதனால் எழுதுகிறேன். சாப்பிட்டுவிட்டு உட்கார்ந்து படி.

போன வாரம் குட்டி கதை கேட்டாள். மனுநீதிச் சோழன் கதையைச் சொன்னேன். தேர்க்காலில் கன்று அகப்பட்டதும் அவளிடமிருந்து சத்தமே இல்லை. தாய்ப்பசு அரண்மனை வாசலுக்கு வந்து மணியை அடித்தது, அரசன் வந்து விசாரித்தான், தன் மகன் என்றும் பாராமல் அதே தண்டனையைக் கொடுத்தான் என்று முடித்து, 'எவ்வளவு நேர்மையான ராஜா பார்த்தாயா' என்று கேட்டேன். ராஜாவைப் பற்றி அவள் ஒரு வார்த்தை பேசவில்லை. 'பாட்டி, அந்தப் பசு மணியை அடிக்காமல் திரும்பிப் போயிருந்தால் ராஜாவுக்குத் தெரிந்திருக்குமா?' என்றாள். தெரிந்திருக்காது என்றேன். 'நல்ல வேளை, அடித்தது' என்றாள்.

எத்தனை தலைமுறையாக இந்தக் கதையைச் சொல்லிவருகிறோம்! செங்கோல், முறை, நடுநிலை என்று அரசனையே பாடியிருக்கிறோம். வாசலில் மணி இருந்தது, அதைக் கேட்கும் காதும் உள்ளே இருந்தது. ஆனாலும் ஒரு வாயில்லாத ஜீவன் வந்து அதை அசைத்த பிறகுதான் நியாயம் எழுந்து வெளியே வந்தது. உன் மகள் அதைச் சட்டென்று பிடித்துவிட்டாள். எனக்கு அன்று முழுவதும் பெருமை தாங்கவில்லை. நீயும் அந்த வயதில் இப்படித்தான் கேட்பாய். எதையும் உள்ளே வைத்துக்கொள்ளத் தெரியாத பிள்ளையாக இருந்தாய்.

கதையின் கடைசியில் 'இதனால் அறியப்படும் நீதி' என்று ஒரு வரி போடுவார்களே, அதில் எனக்கு என்றுமே நம்பிக்கை இருந்ததில்லை. பொய் சொல்லாதே என்ற வரியைப் படித்துப் பொய்யை விட்டவரை நான் பார்த்ததில்லை. கதை நடக்கும்போது யார் பக்கத்தில் போய் நிற்கிறோம் என்பதில்தான் எல்லாம் இருக்கிறது. நாமெல்லாம் அரசன் பக்கத்தில் நின்றோம், குட்டி பசுவின் பக்கத்தில் போய் நின்றாள். நின்ற இடம் மாறியதும் அதே கதை அவளுக்கு வேறொன்றைக் கற்றுக்கொடுத்துவிட்டது. பேச்சுக்கான தாளில் அவள் சொன்னதையேதான் எழுதியிருக்கிறேன், அவளுக்குப் பிடிக்கும்.

அத்தைக்குக் கண் அறுவை சிகிச்சை நல்லபடியாக முடிந்தது. தம்பி வந்து இரண்டு நாள் இருந்துவிட்டுப் போனான். நீ அவனுக்குத் திருப்பி அனுப்பியதைப் பற்றி அவன் வாயைத் திறக்கவில்லை, அப்பாவும் கேட்கவில்லை. நானும் இங்கே கேட்கப்போவதில்லை.

நீ கல்லூரியில் நற்றிணையின் 110ஆம் பாட்டைப் பேசிப் பரிசு வாங்கினாயே, அந்தக் கோப்பையை அப்பா இன்றும் தானேதான் துடைத்து வைக்கிறார். கொஞ்ச நாளாக அந்தப் பாட்டுத்தான் எனக்குள் ஓடிக்கொண்டிருக்கிறது. தேன் கலந்த பாலைப் பொற்கிண்ணத்தில் ஒரு கையில் ஏந்திக்கொண்டு, சிறு கோலை ஓங்கி, 'உண்' என்று அதட்டுகிறார்கள் நரைத்த கூந்தல் செவிலித்தாயர். சிலம்பு ஒலிக்க அந்தச் சிறுமி பந்தலுக்குள் ஓடிவிடுகிறாள். பின்னால் ஓட முடியாமல் அவர்கள் இளைத்துப்போய் நிற்கிறார்கள். அப்படி விளையாடித் திரிந்தவள், கொண்டவன் குடி வறுமைப்பட்டபோது, 'கொடுத்த தந்தை கொழுஞ்சோறு உள்ளாள்', பொழுது மறுத்து உண்கிறாள் என்று முடிக்கிறார் போதனார்.

அன்று நீ அந்தப் பெண்ணின் பக்கத்தில் நின்று பேசினாய். பிறந்த வீட்டுச் செல்வத்தை நினைத்தும் பார்க்காத தன்மானம், வறுமையிலும் வளையாத முதுகு என்றெல்லாம் நீ பேசப் பேச அரங்கமே கைதட்டியது. எனக்கும் கண் நிறைந்தது. அது பெரிய பண்புதான். கணவன் தாழ்ந்திருக்கும்போது அவனைத் தாழ்த்தாமல் நிற்கிற பெண்ணை யார் குறை சொல்ல முடியும்? நானா சொல்வேன்?

ஆனால் அம்மாடி, அந்தப் பாட்டைப் பேசுகிறவள் யார் என்று பார். அந்தப் பெண் அதில் ஒரு வார்த்தையும் பேசவில்லை. பெற்றவளோ வளர்த்தவளோ, அவளை நினைத்து இன்னொருத்தி பேசுகிறாள். 13 அடிகளில் 8 அடி அந்தப் பால் கிண்ணமும் கோலும் ஓட்டமும்தான். மகளின் பொறுமையை மெச்சுவது மட்டுமே நோக்கமென்றால் புலவர் கடைசி நான்கு அடியோடு நிறுத்தியிருக்கலாம். அவள் வளர்ந்து, வேறு வீட்டுக்குப் போய், ஒரு வேளை விட்டு ஒரு வேளை உண்ணும் நாளிலும், இங்கே இவள் அந்தக் கிண்ணத்தைக் கீழே வைக்கவில்லை. 'அறிவும் ஒழுக்கமும் யாண்டு உணர்ந்தனள்கொல்' என்று கேட்கிறாளே, அதைப் பெருமையாக மட்டும் என்னால் படிக்க முடியவில்லை. எங்கே கற்றாய் இதை, நாங்கள் கற்றுக்கொடுக்கவில்லையே என்று தவிக்கிற குரலும் அதில் எனக்குக் கேட்கிறது. மகள் பசியை மறைத்தாள், ஆனாலும் செய்தி வந்து சேர்ந்துவிட்டது. எப்படி வந்ததென்று பாட்டில் இல்லை. வந்துவிடும், அவ்வளவுதான்.

1915இல் அச்சேறும் வரை இந்தப் பாட்டு ஓலையில்தான் கிடந்தது. ஏடு செல்லரித்துப் போகுமுன் யாராவது ஒருவர் உட்கார்ந்து இன்னொரு ஏட்டில் எழுதிவைத்ததால்தான் நம் கைக்கு வந்தது. அப்படி எழுதியவர்களில் எத்தனை பேருக்குத் தூரத்தில் ஒரு பிள்ளை இருந்ததோ என்று நினைத்துக்கொள்வேன்.

போன ஞாயிற்றுக்கிழமை வீடியோவில் பேசும்போது முகத்தை ஒரு பக்கமாகவே வைத்துக்கொண்டிருந்தாய். தோடு உறுத்துகிறது, கழற்றி வைத்திருக்கிறேன் என்று நான் கேட்காமலே சொன்னாய். உறுத்தினால் கழற்றி வைக்க வேண்டியதுதான். நேரத்துக்குச் சாப்பிடுகிறாயா என்றுதான் நான் கேட்டேன், அதற்குள் குட்டி அழைக்கிறாள் என்று வைத்துவிட்டாய். நேரத்துக்குச் சாப்பிடு. குட்டிக்கும் மாப்பிள்ளைக்கும் பரிமாறிவிட்டு அப்புறம் பார்த்துக்கொள்ளலாம் என்று தள்ளாதே.

திருக்குறளை அறநூல் என்கிறோம். அதில் நல்குரவு என்ற அதிகாரத்தில் ஒரு குறள் வரும், 1048. 'இன்றும் வருவது கொல்லோ நெருநலும் கொன்றது போலும் நிரப்பு.' நேற்று என்னைக் கொன்றது போலிருந்த இந்த வறுமை இன்றைக்கும் வந்துவிடுமோ என்று ஒருவர் விடியற்காலையில் நினைக்கிறார். அவ்வளவுதான் குறள். இப்படிச் செய் என்று இல்லை, பொறுத்துக்கொள் என்று இல்லை, முயன்றால் தீரும் என்றுகூட இல்லை. ஊருக்கெல்லாம் வழி சொன்ன வள்ளுவர் அந்த இடத்தில் அறிவுரையை நிறுத்திவிட்டு, அவருடைய பயத்தை மட்டும் எழுதி வைத்திருக்கிறார். அறத்தைச் சொல்கிற நூலில் இதற்கு ஏன் இடம் கொடுத்தார் என்று யோசித்தால், அதுவே ஓர் அறம் என்று எனக்குத் தோன்றுகிறது. விடியற்காலையில் விழித்துக்கொண்டு படுத்திருக்கிறவர்களுக்கு, இதற்கு முன்பும் ஒருவர் இப்படிப் படுத்திருந்தார் என்று தெரியவேண்டும். நீ ஒழுங்காகத் தூங்குவதில்லை என்று குட்டி சொன்னாள். அவளைக் கோபிக்காதே, நான்தான் துருவிக் கேட்டேன்.

புறநானூற்றில் பெருந்தலைச் சாத்தனார் குமணனிடம் என்ன சொல்கிறார்? எங்கள் வீட்டு அடுப்பு சமைப்பதையே மறந்துவிட்டது, அதில் காளான் பூத்திருக்கிறது, பாலில்லாத முலையைச் சுவைத்துக் குழந்தை அழுகிறது, அதன் முகத்தை என் மனைவி பார்க்கிறாள், அவள் முகத்தை நான் பார்க்கிறேன் என்று அப்படியே சொல்கிறார். குமணனும் அப்போது நாட்டைத் தம்பியிடம் இழந்து காட்டில் இருந்தவன். இவ்வளவு வெளிப்படையாகச் சொன்னதற்காகச் சாத்தனாரை யாரும் குறைவாக நினைக்கவில்லை. அந்தப் பாட்டைத்தான் பிள்ளைகளுக்குப் பாடமாக வைக்கிறோம்.

மாப்பிள்ளையைப் பற்றி நாங்கள் ஒன்றும் பேசிக்கொள்வதில்லை. அவராகச் சொல்லும் வரை கேட்கவும் மாட்டோம். நல்ல மனிதர். கோவலன்கூடத் தவறு செய்துவிட்டுத்தான் பொருளை இழந்தான், இவர் ஒரு தவறும் செய்யவில்லை. 'இலம்பாடு நாணுத் தரும் எனக்கு' என்றான் அவன், இல்லாமை வெட்கமாக இருக்கிறது என்று. கண்ணகி சிரித்த முகத்தோடு 'சிலம்பு உள' என்றாள். அவள் நல்லவள், பொறுமைசாலி, எல்லாம் சரி. அதற்குப் பிறகு இரண்டு பேரும் என்ன செய்தார்கள்? விடியுமுன் இருட்டிலே, அவனைப் பெற்றவர்களிடமும் சொல்லாமல், அவளைப் பெற்றவர்களிடமும் சொல்லாமல் புறப்பட்டுப் போனார்கள். இரண்டு வீடும் சொத்துள்ள வீடு. இரண்டு வீடும் ஓடி வந்திருக்கும். அந்த ஒரு வெட்கம் வாயை அடைத்துவிட்டது. மகனைக் காணாத பெற்றோர் மணியை இழந்த நாகம் போல ஆனார்கள் என்று கௌசிகன் என்ற அந்தணன் வழியில் வந்து கோவலனிடம் சொல்கிறான். முடிவில் இரண்டு தகப்பன்மாரும் பொருளையெல்லாம் தானம் செய்துவிட்டுத் துறவு வழியில் போனார்கள், இரண்டு தாய்மாரும் உயிரை விட்டார்கள். சிலப்பதிகாரத்தைப் படிக்கிறவர்கள் மதுரை எரிந்ததைப் பேசுவார்கள். நான் இந்த நான்கு பேரை நினைப்பேன். உன்னைப் பயமுறுத்த இதை எழுதவில்லை. உன் அப்பா திடமாக இருக்கிறார், நானும் இருக்கிறேன். நீ பெரியவள், உன் வீட்டை நீ நடத்துகிறாய், அதில் எனக்குள்ள பெருமை வேறு யாருக்கும் இருக்காது. ஆனாலும் சொல்லாமல் இருக்காதே. அதைத்தான் இவ்வளவு நேரமாகச் சொல்கிறேன்.

அதே காப்பியத்தில் எனக்கு மிகப் பிடித்த இடம் ஒன்று இருக்கிறது. கௌசிகன் கொண்டுவந்தது மாதவி எழுதிய கடிதம். 'அடிகள் முன்னர் யான் அடி வீழ்ந்தேன்' என்று தொடங்கும். என் பிழை என்னவென்று தெரியாமல் கலங்குகிறேன், அதைப் போக்க வேண்டும் என்று அவள் அவனுக்கு எழுதியது. கோவலன் படிக்கிறான். அந்த வார்த்தைகள் தன் பெற்றோருக்குத் தான் சொல்ல வேண்டியவையாகவும் பொருந்தியிருப்பது அவனுக்குத் தெரிகிறது. அதே ஓலையைக் கௌசிகனிடம் திருப்பிக் கொடுத்து, இதை என் பெற்றோரிடம் காட்டு என்கிறான். சொந்தமாக ஒரு வரி எழுத அவனுக்கு வரவில்லை. வேறொருத்தி வேறொரு துயரத்தில் எழுதியதைத் தன்னுடையதாக்கி அனுப்பினான். கதையும் கவிதையும் எதற்கு என்று குட்டியின் ஆசிரியர் கேட்டால் நான் இந்த இடத்தைத்தான் காட்டுவேன்.

நீயும் அப்படிச் செய்யேன். உன் சொல்லில் எழுதக் கூச்சமாக இருந்தால் எழுத வேண்டாம். காரணம் எதையும் விளக்க வேண்டாம். உனக்குத் தெரிந்த பாட்டு எத்தனை! ஏதாவது ஒன்றிலிருந்து ஒரு வரியை எடுத்து அனுப்பு, மீதியை நான் படித்துக்கொள்வேன். மாப்பிள்ளையிடம் சொல்லிவிட்டே அனுப்பு, அவர் மனம் நோகக் கூடாது. தம்பி மறுபடியும் அனுப்புவான், இந்த முறை திருப்பிவிடாதே. சின்ன வயதில் அவனுடைய பரீட்சைக் கட்டணத்துக்கு உன் உண்டியலை உடைத்தவள் நீ, அதை அவன் மறக்கவில்லை.

குட்டியின் போட்டி என்றைக்கு என்று எழுதவே இல்லை. அப்பா நாள்காட்டியில் குறித்துவைக்க வேண்டும் என்கிறார். தேதியைச் சொல்.

அன்புடன்,
அம்மா