பன்றிக்கண் என்ற ஊர்

ஆசிரியருக்கு வணக்கம்.

அமெரிக்காவின் செயின்ட் பால் நகரம் பற்றிய பயணக் கட்டுரை படித்தேன். ஏரிகளையும் பனியையும் நன்றாக எழுதியிருந்தார்கள். சரி, ஊர் பிறந்த கதையை விட்டுவிட்டார்களே!

மிசிசிப்பியும் மினசோட்டா ஆறும் கூடும் இடத்தில், டகோட்டா பழங்குடி மக்கள் புனிதமாகக் கருதிய கூடலில், 1819-இல் அமெரிக்க ராணுவம் வந்து இறங்கியது; பிறகு ஒரு கோட்டை கட்டியது. 1825-இல் அந்தக் கோட்டைக்கு ஸ்னெல்லிங் என்று பெயரிட்டார்கள். வடக்கே, இன்றைய கனடாவில் இருந்த ரெட் ரிவர் குடியிருப்பிலிருந்து பிழைக்க முடியாமல் வந்த குடும்பங்கள் கோட்டை ஓரமாகக் குடிசை போட்டு ஆடுமாடு வளர்த்தன. ஆரம்பத்தில் யாரும் தடுக்கவில்லை. அப்புறம் விறகுக்குத் தட்டுப்பாடு; சிப்பாய்களுக்குச் சாராய விற்பனை வேறு. 1840 மே மாதம் சாமான்களை வெளியே தூக்கிப் போட்டுக் குடிசைகளை இடித்துவிட்டார்கள்.

விரட்டப்பட்டவர்கள் ஆற்றோடு கீழே போய், சாராய வியாபாரி பாரன்ட் இருந்த பக்கம் குடியேறினார்கள். அவருடைய பட்டப்பெயர் 'பன்றிக்கண்'. ஊருக்கும் அதே பெயர்! 1841-இல் பாதிரியார் கால்டியே மரக்கட்டைகளால் கட்டிய சிற்றாலயம்தான் செயின்ட் பால் என்ற பெயரைத் தந்தது. குடியேறிகளுக்காவது ஒரு நகரம் மிஞ்சியது. 1862-இல் டகோட்டா மக்களுக்கும் அமெரிக்காவுக்கும் நடந்த போருக்குப் பின் அதே கோட்டையடியில் சுமார் 1,600 டகோட்டா மக்களை, பெரும்பாலும் பெண்களையும் குழந்தைகளையும் முதியவர்களையும், குளிர்காலம் முழுக்க அடைத்து வைத்து, மறு வருடம் மாநிலத்தை விட்டே துரத்தினார்கள். இதற்கும் இரண்டு வரி ஒதுக்கியிருக்கலாம்.

— ஒரு வாசகர், திருச்சி