சத்தத்தை நிறுத்திவிட்டுப் பாருங்கள்

ஆசிரியருக்கு வணக்கம். உங்கள் வார இறுதிச் சினிமாப் பக்கத்தை வீட்டில் எல்லாரும் மாறி மாறி வாசிக்கிறோம். கதை, நடிகர், வசூல் எல்லாம் வருகிறது, ஆனால் ஒரு படம் எங்களை எப்படி நம்ப வைக்கிறது என்று ஒரு வரியும் வருவதில்லை. அந்த வித்தையைப் பிரித்துக் காட்டவென்றே எடுத்த பரீட்சார்த்தக் குறும்படங்கள் இருக்கின்றன, அவற்றைப் பற்றியும் எழுதுங்கள்.

போன மாதம் அக்காவின் பிள்ளைகளுக்கு பிரிட்டிஷ் இயக்குநர் ஜோன் ஸ்மித் 1976இல் எடுத்த 'த கேர்ள் சூயிங் கம்' படத்தைப் போட்டுக் காட்டினேன். 12 நிமிடம், கறுப்பு வெள்ளை, லண்டனில் ஒரு தெருமுனை, அவ்வளவுதான். பின்னால் ஒரு குரல் ஆட்களை இப்படி நட, அப்படித் திரும்பு என்று ஏவுகிறது, அவர்களும் அப்படியே செய்கிறார்கள். "இவ்வளவு பேரும் நடிகர்களா சித்தி?" என்றான் சின்னவன். கொஞ்ச நேரத்தில் குரல் புறாவையும் மணிக்கூட்டு முள்ளையும் ஏவத் தொடங்கியதும் மூத்தவளுக்குப் பிடிபட்டுவிட்டது: தெருவை முதலில் எடுத்துவிட்டு, பிறகு அதைப் பார்த்துப் பார்த்துப் பேசியிருக்கிறார் ஸ்மித். சரி, தெரிந்துவிட்டதே. ஆனாலும் மழைக்கோட்டு போட்ட ஒருவர் வர, இவர் தபாற்கந்தோரைக் கொள்ளையடித்துவிட்டு வருகிறார் என்று குரல் சொன்னதும் மூன்று பேரும் அவருடைய கோட்டுப் பையையே பார்த்தோம்.

அடுத்த நாள் பிள்ளைகள் பல்கனியில் நின்று காலி வீதியை (கோல் ரோட்டை) போனில் 2 நிமிடம் எடுத்து, "பஸ்ஸே நில், ஐயா குடையை விரியுங்கோ" என்று குரல் சேர்த்தார்கள். அப்புறம் அதே வீடியோவுக்கு, இவர்கள் எல்லாரும் செத்தவீட்டுக்குப் போகிறார்கள் என்று வேறு குரல் போட்டார்கள், கறிவேப்பிலைக் கட்டோடு போன ஒரு அம்மாவின் முகம் எனக்கு உண்மையாகவே அழுத முகமாகத் தெரிந்தது.

இப்போது வட்ஸ்அப்பில் எந்த ஊர்ச் சண்டை வீடியோ வந்தாலும் மூத்தவள் முதலில் சத்தத்தை நிறுத்திவிட்டுத்தான் பார்க்கிறாள். வீட்டுப் பெரியவர்கள் இன்னும் அப்படிப் பார்ப்பதில்லை.

கமராவே இல்லாமல் விட்டில் செட்டைகளைப் பசை நாடாவில் ஒட்டி அமெரிக்க இயக்குநர் ஸ்டான் பிரக்கேஜ் 1963இல் செய்த படமும் இருக்கிறது, 'மோத்லைட்'. மாதம் ஒரு தடவை இப்படி ஒரு படத்தைப் பற்றி அரைப்பத்தி போடுங்கள். தமிழ்ச் சங்கம் மாதிரி ஒரு இடத்தில் போட்டுக் காட்டினால் நாங்கள் பிள்ளைகளோடு வருவோம், குறும்படம் எடுக்க ஓடித்திரியும் எங்கள் பொடியன்களும் வருவார்கள்.

ஒரு வாசகி,
வெள்ளவத்தை, கொழும்பு 6