அந்தக் கேமராமேனுக்குப் பெயர் உண்டு

அன்புள்ள ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சென்ற இதழில் ஜெர்மன் மௌனப்படங்கள் பற்றிய கட்டுரையை ஆசையாகத்தான் படிக்க உட்கார்ந்தேன். 1913-இல் வந்த 'பிராக் நகர மாணவன்' படத்துக்கு ஒரு முழுப் பக்கம். கதை எழுதிய எவர்ஸ் பெயர் இருக்கிறது, நடித்த பால் வேகெனர் பெயர் இருக்கிறது, இயக்கிய ஸ்டெல்லன் ரியே பெயர் இருக்கிறது. படம்பிடித்தவர் மட்டும் 'யாரோ ஒரு ஜெர்மானியர்'. அந்த ஒரு வரி இரண்டு நாளாக முள்ளாய்க் குத்துகிறது.

ஐயா, அவர் பெயர் கீடோ ஸேபர். கெம்னிட்ஸ் ஊரில் ஒரு போட்டோகிராபரின் மகனாக 1879-இல் பிறந்தவர். பெர்லினுக்குப் பக்கத்தில் பாபெல்ஸ்பெர்கில் இன்றும் படப்பிடிப்பு நடக்கிறதே, அந்த இடத்தைத் தேடிப் பிடித்துக் கண்ணாடி ஸ்டூடியோ எழுப்பவைத்தவர் அவர்தான். 1912 பிப்ரவரியில் நடிகை ஆஸ்டா நீல்சனை வைத்து அங்கே முதல் படம் தொடங்கியபோதும் கேமரா அவர் கையில்தான் இருந்தது. இதெல்லாம் உங்களுக்குத் தெரியாததா?

மாணவனின் பிம்பம் நிலைக்கண்ணாடியை விட்டு இறங்கி நடந்து போகும் காட்சியை வர்ணித்திருக்கிறீர்கள். அந்தப் படத்தில் ஒரே நடிகரை இரண்டு ஆளாகக் காட்டியதெல்லாம் ஒரே ஃபிலிமில் இரண்டு தடவை எடுத்துத்தான். நானும் எண்பதுகளில் கேமரா உதவியாளனாக ஓர் இரட்டை வேடக் காட்சிக்கு மாஸ்க் போட்டிருக்கிறேன். பாதி லென்ஸை மறைத்து ஒரு தடவை, அப்புறம் ஃபிலிமைப் பின்னால் சுற்றி, மறுபாதியை மறைத்து இன்னொரு தடவை. சுற்றி முடிக்கும்வரை லென்ஸ் மூடியை இரண்டு கையாலும் பொத்திக்கொண்டு நின்றேன். கழுவி வந்த முதல் பிரதியை, அதாவது ரஷ்ஷை, போட்டுப் பார்த்தால் ஹீரோவின் தோளையொட்டிச் சுவரில் மேலிருந்து கீழாக ஒரு கறுப்புக் கோடு. மாஸ்க் ஒரு நூல் நகர்ந்திருந்தது, அவ்வளவுதான். மூன்றாம் முறைதான் சரியாக வந்தது. எங்களுக்காவது மோட்டார் இருந்தது. ஸேபர் காலத்தில் கைப்பிடியைக் கையால் சுற்ற வேண்டும். இரண்டு தடவையும் ஒரே வேகம் வராவிட்டால் ஒரு பாதி வெளுத்துப் போகும், மறுபாதி கறுத்துப் போகும்.

நான் வேலை பார்த்த அந்தப் படத்தின் டைட்டிலில் எங்கள் யூனிட்டில் ஒருவர் பெயரும் வரவில்லை. சரி, அது பழைய கதை.

நான்கு வருடங்களுக்கு முன்பும் இப்படித்தான். கேமராவை முதலில் நடமாட விட்டவர் ஜெர்மன் இயக்குநர் முர்னாவ் என்று எழுதியிருந்தீர்கள். அப்படிக் கேமரா நடமாடிய முர்னாவின் 'கடைசி மனிதன்' படம் 1924 கடைசியில் வந்தது. அதே வருடத் தொடக்கத்தில் வந்த 'சில்வெஸ்டர்' படத்திலேயே ஸேபரின் கேமரா நகர ஆரம்பித்துவிட்டது. இரண்டுக்கும் திரைக்கதை கார்ல் மாயர்தான். முர்னாவுக்காகக் கேமராவை நெஞ்சில் கட்டிக்கொண்டு நடந்த கார்ல் ஃப்ராய்ண்ட் பெயரையும் அன்று போடவில்லை. கார்டு எழுதிப் போட்டேன், பதில் இல்லை.

தான் கற்ற தந்திரங்களை ஒளித்து வைக்காமல் 1927-இல் புத்தகமாகவே எழுதி வைத்தவர் ஸேபர். அவரைப் போய் 'யாரோ' என்றால் மனசு ஆறவில்லை.

அடுத்த இதழில் ஒரு மூலையில் திருத்தம் போடுங்கள்: 'படம்பிடித்தவர் கீடோ ஸேபர்.' பெயரில் எழுத்துப் பிழை இல்லாமல் பார்த்துக்கொள்ளும்படி கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற கேமரா உதவியாளர்,
வடபழனி, சென்னை.