பண்டோரா திறந்தது பெட்டியை அல்ல

ஆசிரியருக்கு,

ஞாயிறு இணைப்பில் வந்த கிரேக்கப் புராணக் கட்டுரையை ரசித்துப் படித்தேன். முதல் பெண்ணான பண்டோரா ஒரு பெட்டியைத் திறக்க, உள்ளிருந்த தீமைகள் எல்லாம் உலகில் பரவின என்ற கதை அதில் இருந்தது. ஒரு உறுத்தல்: பண்டோரா திறந்தது பெட்டியே அல்ல, தாழி. கி.மு. 700 வாக்கில் இக்கதையைப் பாடிய கிரேக்கக் கவிஞர் ஹெசியாட் 'பித்தோஸ்' என்றுதான் சொல்கிறார். எண்ணெய், திராட்சை மது, தானியம் சேமித்து வைக்கும் பெரிய மண்கலம் அது. சில தாழிகள் ஓர் ஆள் உயரம்கூட இருக்கும். கிரீட் தீவில் நாசோஸ் அரண்மனை இடிபாடுகளில் இன்றும் பார்க்கலாம். 16-ஆம் நூற்றாண்டில் லத்தீனில் எழுதிய எராஸ்மஸ் அதைப் 'பிக்சிஸ்', அதாவது சிமிழ் ஆக்கிவிட்டார். பெரிய அறிஞர்தான், ஆனாலும் ஐந்நூறு ஆண்டுகளாக உலகமே பெட்டி, பெட்டி என்கிறது!

இன்னொன்று. கடைசியில் தாழிக்குள் தங்கிவிட்ட 'எல்பிஸ்' என்பதை நம்பிக்கை என்கிறார் கட்டுரையாளர். அந்தச் சொல்லுக்கு வெறும் எதிர்பார்ப்பு என்றும் பொருள் உண்டு. தீமைகளோடு அதுவும் ஏன் ஒரே தாழியில் இருந்தது? உள்ளே தங்கியதால் அது மனிதருக்குக் கிடைத்ததா, மறுக்கப்பட்டதா? அறிஞர்கள் இன்னும் வாதிடுகிறார்கள். கதையின் சுவையே அங்கேதான். கட்டுரை அதை அரை வரியில் தாண்டிப் போய்விட்டது.

இப்படிக்கு,
ஒரு வாசகர், திருச்சி