அது வால்நட் மரமில்லை

அன்புள்ள ஆசிரியருக்கு, வணக்கம்.

சென்ற இதழில் கொட்டைப் பருப்புகள் பற்றி வந்த கட்டுரையைப் படித்தேன். எழுத்தில் குறை சொல்ல ஒன்றுமில்லை. ஆனால் 'காஷ்மீரில் காய்த்து நிற்கும் வால்நட் மரம்' என்று அரைப்பக்கத்துக்குப் போட்டிருந்தீர்களே, அந்தப் படத்தில் இருப்பது வால்நட் மரமே இல்லை. மேல் ஓரத்தில் சிவந்த கொத்து ஒன்று தொங்குவதைப் பூதக்கண்ணாடி வைத்துப் பார்த்தேன். இறக்கை முளைத்த தட்டை விதைகள். சீனாவிலிருந்து வந்து உலகமெங்கும் பரவிவிட்ட 'சொர்க்க மரம்' அது. நம்மூர்ப் பெருமரத்துக்கு, அதாவது சில ஊர்களில் பீநாறி என்று சொல்கிறோமே அதற்கு, நெருங்கிய சொந்தம்.

1996 முதல் மூன்று வருடம் ராணுவப் பணியில் காஷ்மீரில் உள்ள குப்வாராவில் இருந்தேன். பக்கத்து லோலாப் பள்ளத்தாக்கில் வீட்டுக்கு வீடு வால்நட் உண்டு. காஷ்மீரியில் 'டூன்' என்பார்கள். நான் போய்ச் சேர்ந்தது பனிக்காலம். இலை ஒன்றில்லாமல் எல்லா மரமும் ஒரே மாதிரி மொட்டையாக நின்றன. எங்கள் முகாமுக்குப் பால் கொண்டுவரும் பெரியவரிடம், "சாச்சா, இதில் எது டூன்?" என்று கேட்டேன். அவர் பதில் சொல்லாமல் ஒரு குச்சியை ஒடித்து, கத்தியால் நெடுக இரண்டாகப் பிளந்து என் கையில் வைத்தார். நடுவில் சோறு, அதாவது குச்சிக்குள் இருக்கும் மெத்தென்ற பகுதி, இருக்கும் இடத்தில் சின்னச் சின்ன அறைகள். குறுக்கே மெல்லிய தடுப்பு, ஒரு வெற்றிடம், மறுபடி தடுப்பு. எறும்பு ஏற ஏணி செய்து வைத்தது போல இருந்தது. அப்புறம் பக்கத்து மரத்தில் ஒரு குச்சியைப் பிளந்து காட்டினார். அதில் தக்கை மாதிரி இடைவெளி இல்லாமல் நிறைந்திருந்தது. அது சொர்க்க மரம். அந்த வட்டாரத்தில் இலையில்லாத காலத்தில் வால்நட்டைக் கண்டுபிடிக்க இதைவிட நல்ல வழியை நான் இன்றுவரை பார்க்கவில்லை.

இலை வந்துவிட்டால் இன்னும் சுலபம். வால்நட்டும் வேம்பு போலக் கூட்டிலைதான். ஆனால் ஒரு காம்பில் ஐந்து முதல் ஒன்பது சிற்றிலைதான் இருக்கும், பெரும்பாலும் ஏழு. நுனியில் இருப்பது எல்லாவற்றிலும் பெரியது, அடியில் இருக்கும் ஜோடி சின்னது. வேம்புக்கு இருப்பது போல ஓரத்தில் ரம்பப்பல் இருக்காது, வழவழப்பாக இருக்கும். கசக்கி முகர்ந்தால் எலுமிச்சையும் ஷூ பாலிஷும் கலந்தது போல ஒரு வாசம். சொர்க்க மரத்துக்கு ஒரு காம்பில் பதினொன்று முதல் இருபத்தைந்துக்கு மேலும் சிற்றிலைகள். ஒவ்வொன்றின் அடிப்பக்கத்திலும் ஒன்றிரண்டு பல், அதன் கீழே கடுகு போல ஒரு சுரப்பி. கசக்கினால் கெட்டுப்போன வேர்க்கடலை நாற்றம் அடிக்கும். அந்த இரண்டு இலையையும் ஒரு முறை கசக்கியவர் பிறகு மாற்றிச் சொல்ல மாட்டார்.

ஆஷ் மரமும் அங்கே ஏமாற்றும். கிரிக்கெட் ஸ்டம்புக்குப் பெயர் போன மரம். அதன் இலைகள் கிளையில் எதிரெதிராக ஜோடி ஜோடியாக முளைக்கும். வால்நட்டில் மாறி மாறித்தான் வரும். இன்னொன்று, இமயமலை ஹார்ஸ் செஸ்ட்நட் மரம். அதற்கும் பெரும்பாலும் ஏழு சிற்றிலை என்பதால் எண்ணிக்கையை மட்டும் மனப்பாடம் செய்தவர்கள் சறுக்கிவிடுவார்கள். ஆனால் அது இலவமர இலை மாதிரி ஒரே புள்ளியிலிருந்து விரல் விரித்தது போல இருக்கும். காஷ்மீரிகள் அதை 'ஹன்டூன்' என்கிறார்கள். பெயரிலேயே டூன் ஒட்டிக்கொண்டிருக்கிறது.

இணையத்திலிருந்து படம் எடுப்பதாக இருந்தால் ஒரு எச்சரிக்கை. அமெரிக்கக் கருப்பு வால்நட் என்று வேறொன்று உண்டு. அதுவும் வால்நட் குடும்பம்தான், குச்சிக்குள் ஏணியும் இருக்கும். ஆனால் பதினைந்துக்கு மேல் சிற்றிலைகள், ஓரத்தில் பல். காஷ்மீரில் கிடைப்பது அதுவல்ல.

காயைப் பார்த்தால் சந்தேகமே வராது. எலுமிச்சை அளவில் பச்சையாக உருண்டையாக இருக்கும். செப்டம்பரில் அந்தப் பச்சைத் தோல் வெடிக்கும்போது நீளக் கழியோடு மரத்தில் ஏறி அடித்து உதிர்ப்பார்கள். மிக உயரமான மரங்கள். தவறி விழுந்து ஆண்டுதோறும் உயிர் போகிறது. நாங்கள் நாலைந்து பேர் ஒரு ஞாயிற்றுக்கிழமை தோல் உரிக்க உதவினோம். விரல்களில் ஏறிய கறுப்பு எந்த சோப்புக்கும் அசையவில்லை, இரண்டு வாரம் அந்தக் கையோடுதான் சாப்பிட்டோம். சொந்த நிலத்தில் நின்றாலும் அனுமதி இல்லாமல் வால்நட்டை வெட்டக்கூடாது என்று அங்கே 1969-லேயே சட்டம் போட்டிருக்கிறார்கள். அவ்வளவு மதிப்பு அந்த மரத்துக்கு.

ஒரு படத்துக்காக இவ்வளவு நீளமாக எழுதுகிறானே என்று நினைக்காதீர்கள். காரணம் இருக்கிறது. போன வருடம் ஏற்காட்டில் ஒரு நண்பரின் தோட்டத்துக்குக் குடும்பத்தோடு போயிருந்தோம். 'நாட்டு வால்நட்' என்று சீட்டுக் கட்டி ஒரு நர்சரியில் விற்ற கன்றை அவர் நட்டு, அது காய்க்கவும் தொடங்கியிருந்தது. என் அண்ணன் பேரன், ஏழு வயது, கீழே கிடந்த கொட்டைகளைக் கல்லால் உடைத்து மூன்று பருப்பைத் தின்றுவிட்டான். அன்று ராத்திரி முழுக்க வாந்தி, வயிற்றுப்போக்கு. விடிவதற்குள் ஆஸ்பத்திரியில் சேர்த்து டிரிப்ஸ் ஏற்றினோம். பிழைத்துக்கொண்டான்.

அந்த மரம் வால்நட்டே இல்லை, நாட்டு அக்ரோட்டு என்ற வேறு மரம். ஆமணக்குக் குடும்பம். மலேசியாவில் 'புவா கெராஸ்' என்று சமையலில் சேர்ப்பது இதைத்தான். ஆனால் அங்கே அரைத்து வேகவைத்துத்தான் சாப்பிடுவார்கள். பச்சைப் பருப்பு பேதி மருந்து மாதிரி. மரத்தைப் பார்த்தாலே வித்தியாசம் தெரியும்: இது கூட்டிலையே கிடையாது. அகலமான தனி இலை, சிலவற்றில் மூன்று ஐந்து மடல், தளிரில் மாவு தூவியது போல வெள்ளை. வால்நட் ஓட்டில் இரண்டு பாதியும் சேரும் தையல் தெரியும், உள்ளே பருப்பு மூளை மாதிரி மடிப்பு மடிப்பாக இருக்கும். இதில் தையலும் இல்லை, மடிப்பும் இல்லை. இதெல்லாம் தெரிந்த நானே அன்று வரவேற்பறையில் காபி குடித்துக்கொண்டிருந்தேன், தோட்டத்தைச் சுற்றிப் பார்க்கவில்லை. அது இன்னும் உறுத்துகிறது.

மர வியாபாரத்திலும் இதே குழப்பம்தான். நம் வாகைக்கு 'கிழக்கிந்திய வால்நட்' என்று ஒரு வணிகப் பெயர் உண்டு. வாகை அருமையான மரம், அதை வாகை என்றே சொல்லி விற்கலாம்.

அடுத்த இதழில் ஒரு சின்னத் திருத்தமாவது போடுங்கள். நாட்டு அக்ரோட்டுப் பருப்பைப் பச்சையாகத் தின்னக் கூடாது என்பதையும் சேர்த்துப் போட்டால் நல்லது. லோலாபில் எடுத்த வால்நட் மரத்தின் பழைய புகைப்படம் ஒன்றையும், அன்று சாச்சா பிளந்து கொடுத்த குச்சியில் ஒரு பாதியையும் இந்தக் கடிதத்தோடு அனுப்பியிருக்கிறேன். படத்தை நீங்களே வைத்துக்கொள்ளலாம். குச்சியை மட்டும் வேலை முடிந்ததும் திருப்பி அனுப்பிவிடுங்கள்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற ராணுவ வீரர்,
குடியாத்தம்.