படிப்பகச் சங்கத்தின் ஆண்டறிக்கை, 2025

மதிப்பிற்குரிய தலைவர் அவர்களுக்கும், செயற்குழு நண்பர்களுக்கும், ஞாயிற்றுக்கிழமை என்றும் பாராமல் பொதுக்குழுவுக்கு வந்திருக்கும் உறுப்பினர்களுக்கும் வணக்கம். 2025 ஜனவரி முதல் டிசம்பர் வரை நம் வியாசர்பாடி படிப்பகத்தில் நடந்தவற்றை உங்கள் முன் வைக்கிறேன்.

பொங்கலுக்குக் கோலப் போட்டி நடந்தது. ஏப்ரல் 14 அன்று அண்ணல் அம்பேத்கர் படத்துக்கு மாலை அணிவித்துப் பிள்ளைகளுக்கு இனிப்பு வழங்கினோம். ஜூனில் நோட்டுப் புத்தகம் கொடுத்தோம். ஆகஸ்ட் 15 கொடியேற்றம் வழக்கம்போல் நடந்தது. கேரம் போட்டிக்கு இந்த முறை பெண் பிள்ளைகளும் பெயர் கொடுத்தார்கள். கண் பரிசோதனை முகாமுக்கு நல்ல கூட்டம். மழையில் படிப்பகத்துக்குள் தண்ணீர் வந்து கீழ்த்தட்டுப் புத்தகங்கள் நனைந்தன. முடிந்தவரை காயவைத்து எடுத்துவிட்டோம்.

இனி, போர்களில் இறந்தவர்களின் கணக்கை எழுதி வாசலில் மாட்டிய பலகையைப் பற்றி. அதனால் சங்கத்தில் மனக்கசப்பு வந்தது, சிலர் சந்தாவை நிறுத்தினார்கள், செயலாளர் தன் இஷ்டத்துக்கு நடக்கிறார் என்று தலைவரிடம் எழுதிக் கொடுத்தார்கள். ஆகவே நடந்ததை முழுவதுமாகச் சொல்லிவிடுவதுதான் முறை.

ஏப்ரல் 22 அன்று காஷ்மீரின் பஹல்காமில் பயங்கரவாதிகள் 26 பேரைச் சுட்டுக் கொன்றார்கள். படிப்பகத்தில் அன்று மாலை பேப்பர் படிக்க வந்த எல்லோருக்குமே மனசு கொதித்தது, எனக்கும்தான். மே 7 விடியற்காலையில் நம் ராணுவம் பாகிஸ்தானுக்குப் பதிலடி கொடுத்தது. அன்றே சென்னைத் துறைமுகத்திலும் கல்பாக்கத்திலும் போர்க்கால ஒத்திகை நடத்தினார்கள். மறுநாள் இரவுதான் அந்தச் சம்பவம். கராச்சித் துறைமுகத்தை நம் கடற்படை அழித்துவிட்டது என்று சில டிவி சேனல்கள் சொல்ல, படிப்பக வாசலில் பத்தாயிரம் வாலா கொளுத்தினார்கள். கைதட்டலும் விசிலும் மெயின் ரோடு வரை கேட்டது. பொழுது விடிந்தால் அந்தச் செய்தியே பொய்.

செய்தி பொய்யாகப் போனதைவிட என்னை உறுத்தியது வேறு. நம் உறுப்பினர்களில் பாதிப் பேர் துறைமுகத்தை நம்பிப் பிழைப்பவர்கள். கண்டெய்னர் லாரி ஓட்டுகிறார்கள், கிரேனில் ஏறுகிறார்கள், கப்பல் ஏஜென்சியில் பில் போடுகிறார்கள். துறைமுகம் எரிந்தது என்றால் என்ன எரியும் என்று இந்த ஊருக்குச் சொல்லித்தர வேண்டியதில்லை. எண்ணூர் ரோட்டில் வரிசையில் நிற்கும் லாரியின் கீழே பாய் விரித்துத் தூங்குகிற கிளீனர் பையன் கராச்சியிலும் உண்டு. கேட்டுக்கு வெளியே டீ விற்கிற கிழவரும் உண்டு. அவர்கள் யாரும் பஹல்காமில் சுடவில்லை.

1914 செப்டம்பர் 22 இரவு எம்டன் என்ற ஜெர்மன் போர்க்கப்பல் நம் துறைமுகத்துக்கு எதிரே வந்து நின்று அரைமணி நேரத்துக்குள் 130 குண்டுகள் போல வீசியது. பர்மா ஆயில் கம்பெனியின் எண்ணெய்த் தொட்டிகள் பற்றி எரிந்தன. குறைந்தது 5 பேர் உயிரிழந்தார்கள். ஊர் ஜனம் மூட்டை முடிச்சோடு ரயிலடிக்கு ஓடியது. அந்தச் செய்தியை பெர்லினில் பேப்பரில் படித்தவருக்கு, செத்த ஐந்து பேர் யார் என்று தெரிந்திருக்க வழியில்லை. நம் வாசலில் வெடி போட்ட பிள்ளைகளும் அன்று அந்த நிலையில்தான் இருந்தார்கள். அவர்கள் கெட்டவர்கள் இல்லை. அவர்களுக்கு யாரும் கணக்குக் காட்டவில்லை.

வெடி போட்ட மறுநாளே கேரம் ரூமில் சும்மா கிடந்த கரும்பலகையை வாசலில் மாட்டினேன். மூன்று பத்திகள்: நம் பக்கம் இறந்தவர்கள், அந்தப் பக்கம் இறந்தவர்கள், யார் சொன்ன கணக்கு. அவ்வளவுதான். போரை ஆதரித்தோ எதிர்த்தோ ஒரு வார்த்தைகூட எழுதவில்லை. பஹல்காம் 26 என்பதுதான் முதல் வரி. காஷ்மீர் எல்லையில் பூஞ்ச் பக்கம் பீரங்கிக் குண்டு விழுந்து சின்னப் பிள்ளைகள் உட்படப் பொதுமக்கள் செத்துக்கொண்டிருந்தார்கள்; அந்த எண் நாளுக்கு நாள் ஏறியதால் அழித்து அழித்து எழுத வேண்டியிருந்தது. மே 10 அன்று சண்டை நின்ற பிறகு, தன் பக்கம் பொதுமக்கள் 40 பேர் இறந்ததாகப் பாகிஸ்தான் சொன்னது. அதையும் எழுதி, மூன்றாவது பத்தியில் 'பாகிஸ்தான் அரசு சொன்னது' என்று குறித்தேன்.

அந்த 40தான் பிரச்சினை. எதிரி வீட்டு எழவை நம் வாசலில் ஏன் எழுத வேண்டும் என்று கேட்டார்கள். ஒருநாள் இரவு யாரோ அந்தப் பத்தியை மட்டும் ஈரத்துணியால் துடைத்துவிட்டுப் போயிருந்தார்கள். காலையில் நான் திரும்ப எழுதினேன். நம் உறுப்பினர் ஒருவரின் மகன் ராணுவத்தில், ஜம்மு பக்கம்தான் இருக்கிறார். அந்த அண்ணன் தினமும் வேலைக்குப் போகும்போது பலகை முன்னால் சைக்கிளை நிறுத்தி, ஒற்றைக் காலை ஊன்றியபடியே மூன்று பத்தியையும் படித்துவிட்டுப் போவார். அவர் என்னிடம் எந்தக் குறையும் சொல்லவில்லை. எழுதிக் கொடுத்த புகாரிலும் அவர் கையெழுத்து இல்லை.

ஜூன் மாதக் கூட்டத்தில் இதைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகப் பேசினேன். அன்று வராதவர்களே அதிகம் என்பதால் சாரத்தை இங்கே பதிவு செய்கிறேன். அமெரிக்காவில் போர் பற்றி மக்களிடம் கருத்துக் கேட்பது நெடுநாள் வழக்கம். வியட்நாமுக்குப் படை அனுப்பியது தவறா என்று கேலப் நிறுவனம் 1965 ஆகஸ்டில் கேட்டபோது, தவறு என்றவர்கள் 24 சதவீதம்தான். 1968 ஆகஸ்டில் அது 53, 1971 மே மாதத்தில் 61. தன் ஊர்ப் பையன் பெட்டியில் வந்து இறங்க இறங்கத்தான் ஜனங்களின் மனசு மாறியது. அதை ஆட்சியாளர்களும் புரிந்துகொண்டார்கள். 1991இல் ராணுவ வீரர்களின் சவப்பெட்டிகள் டோவர் விமானத் தளத்தில் வந்து இறங்குவதைப் படம் எடுக்கவே தடை போட்டார்கள். 2009இல்தான் அது விலகியது.

ஆனால் அந்த மனமாற்றமும் தன் பக்கத்துச் சாவை வைத்து வந்ததுதான். வியட்நாமில் அமெரிக்கர்கள் 58,000 பேருக்கு மேல் இறந்தார்கள். வாஷிங்டனில் கருங்கல் சுவரில் ஒவ்வொரு பெயரும் இருக்கிறது. வியட்நாமியர்களில் பொதுமக்கள் மட்டும் 20 லட்சம், போராளிகள் 11 லட்சம் என்று அந்நாட்டு அரசு 1995இல் சொன்னது. இராக் போரின்போது, 2007 பிப்ரவரியில் ஏபி செய்தி நிறுவனமும் இப்சோஸ் கருத்துக்கணிப்பு நிறுவனமும் சேர்ந்து அமெரிக்க மக்களிடம் ஒரு கேள்வி கேட்டார்கள். உங்கள் வீரர்கள் எத்தனை பேர் இறந்தார்கள்? விடைகளை வரிசைப்படுத்தினால் நடுவில் வந்தது 3,000 வாக்கில், கிட்டத்தட்டச் சரி. இராக்கில் பொதுமக்கள் எத்தனை பேர் இறந்தார்கள்? வந்த விடை 9,890. அப்போது பதிவாகியிருந்த சாவே 54,000க்கு மேல். படித்தவர்கள், பேப்பரும் டிவியும் நிறைந்த நாடு. தன் வீட்டுச் சாவை விரல்விட்டு எண்ணத் தெரிந்தவர்களுக்கு எதிர்வீட்டுச் சாவில் ஐந்தில் ஒரு பங்குகூடத் தெரியவில்லை. இதைத் தெரியாமல் சொல்கிற 'போர் வேண்டும்' என்ற கருத்தை மக்கள் கருத்து என்று எப்படி எடுத்துக்கொள்வது? நம் படிப்பகம் இருப்பதே ஆள் தெரிந்துகொண்டு பேசட்டும் என்பதற்குத்தான்.

புகார் எழுதியவர்களில் மூன்று பேராவது 2009 ஜனவரி கடைசியில், ஈழப் போரை நிறுத்தச் சொல்லித் தீக்குளித்த முத்துக்குமாரின் இறுதி ஊர்வலத்தில் கொளத்தூரிலிருந்து மூலக்கொத்தளம் வரை நடந்தவர்கள். நானும் அதே கூட்டத்தில் இருந்தேன். அங்கே நம் சனம் கொத்துக் கொத்தாகச் சாகிறது, உலகம் எண்ணிக்கைகூட எடுக்கவில்லையே என்று தொண்டை கிழியக் கத்தினோம். 40,000 பொதுமக்கள் வரை இறந்திருக்கலாம் என்று ஐ.நா. நிபுணர் குழு அறிக்கை தந்தது 2011இல். எல்லாம் முடிந்து இரண்டு வருஷம் கழித்து. எண்ணாமல் விட்டால் எப்படி வலிக்கும் என்று இந்தத் தெருவுக்குத் தெரியும். நண்பர்களிடம் நான் கேட்பது, அன்று நாம் உலகத்திடம் கேட்டதை இன்று அடுத்தவனுக்கும் கொடுப்போம் என்பதுதான்.

பலகை நிற்கவில்லை. காசா, உக்ரைன் கணக்குகளும் ஏறின. காசாவில் இறந்தவர்கள் 60,000ஐத் தாண்டியதாக அங்குள்ள சுகாதாரத் துறை சொன்னது ஜூலை மாதக் கடைசியில். அதற்கு மேல் வரியிலேயே 2023 அக்டோபர் 7 அன்று இஸ்ரேலில் கொல்லப்பட்ட சுமார் 1,200 பேரும் இருந்தார்கள். உக்ரைனில் ஐ.நா. சரிபார்த்த பொதுமக்கள் சாவு மட்டுமே 13,000க்கு மேல்.

இந்தப் பலகையால் வந்த நல்ல காரியம் ஒன்றைச் சொல்லியாக வேண்டும். ஆகஸ்டில், பர்மாவிலிருந்து வந்த குடும்பத்து ஆயா ஒருவர், பேரன் கையைப் பிடித்துக்கொண்டு படிப்பகத்துக்கு வந்தார். "எல்லார் கணக்கும் எழுதறியே நைனா, எங்க கணக்கை எழுதினியா?" என்றார். மஞ்சள் பையிலிருந்து ஒரு நீளக் கணக்கு நோட்டை எடுத்தார். அவர் அப்பா ரங்கூனில் ஒரு கடையில் கணக்கு எழுதியவர். 1941 டிசம்பர் 23 அன்று ரங்கூனில் ஜப்பான்காரன் குண்டு போட்ட பிறகு, கைக்குழந்தையான இந்த ஆயாவைத் தோளில் கட்டிக்கொண்டு தாமு வழியாக மணிப்பூருக்கு நடந்திருக்கிறார். வரவு, பற்று என்று கோடு போட்ட தாளில், பற்றுப் பக்கத்தில், பென்சிலில் ஏழு வரி. முதல் இரண்டும் அவர் தம்பியும் தம்பி மனைவியும். மூன்றாவது வரி: 'வழியில் சேர்ந்த பெரியவர், ஊர் தெரியாது.' எதிரே தேதி இருக்க வேண்டிய இடத்தில் 'ஆற்றுக்கு இந்தப் பக்கம்' என்று எழுதியிருந்தது.

அந்தப் போரில் பர்மாவை விட்டுக் கிளம்பிய இந்தியர்கள் 5 லட்சம் பேர் வாக்கில். வழியில் இறந்தவர்கள் 10,000 என்பார்கள், 50,000க்கு மேல் என்பார்கள், யாரும் எண்ணவில்லை. வெள்ளைக்காரனுக்கு ஒரு பாதை, நம்மவனுக்கு ஒரு பாதை என்று விட்டதாக அன்றே புகார் எழுந்தது. அதே போரில் ஜப்பான்காரன் சயாமிலிருந்து பர்மாவுக்குப் போட்ட மரண ரயில் பாதையிலும் இதே கதைதான். அந்த 415 கிலோமீட்டரில் இறந்த நேச நாட்டுப் போர்க்கைதிகள் சுமார் 12,000 பேருக்குக் காஞ்சனபுரியிலும் மற்ற இடங்களிலும் பெயர் பொறித்த கல்லறைகள் இருக்கின்றன. மலேயாத் தோட்டங்களிலிருந்து போன தமிழர்கள் உட்பட ஆசியக் கூலிகள் 90,000 பேர் வரை இறந்ததாக மதிப்பிடுகிறார்கள். அவர்களுக்கு அப்படிக் கல்லும் இல்லை, பெயரும் இல்லை.

ஆயாவின் நோட்டைப் பிரதி எடுத்து வைத்திருக்கிறோம். அதன் பிறகு சத்தியமூர்த்தி நகர், சர்மா நகர் பக்கத்திலிருந்து மேலும் சில குடும்பங்கள் வந்து பெயர் சொன்னார்கள். அப்பா பெயர் தெரியும், அத்தை பெயர் தெரியாது என்று சொன்னாலும் எழுதிக்கொள்கிறோம். இது நம் படிப்பகத்தின் பெயர் நோட்டு. செலவு என்று பார்த்தால் ஜெராக்ஸ் செலவும் டீ செலவும்தான்.

வரவு செலவுக்கு வருகிறேன். விவரத்தைப் பொருளாளர் வாசிப்பார். சுருக்கமாகச் சொன்னால், வந்த பணம் வாடகைக்கும் கரண்டு பில்லுக்கும் பேப்பர்க்காரருக்கும் சரியாகப் போய்விட்டது. கேரம் போட்டி நன்கொடையில் மிஞ்சியது கொஞ்சம் வங்கியில் இருக்கிறது. மாதச் சந்தா 50 ரூபாய். உறுப்பினர்களில் மூன்றில் ஒரு பங்குப் பேர் ஜூனுக்குப் பிறகு கட்டவில்லை. பலகை பிடிக்காமல் நிறுத்தியவர்கள் சிலர்தான். மற்றவர்கள் அதைச் சாக்காகச் சொல்கிறார்கள். அவர்கள் போன வருஷமும் கட்டவில்லை, பதிவேடு என் கையில் இருக்கிறது. பேப்பர் படிக்க மட்டும் தவறாமல் வருகிறார்கள். தமிழ்ப் பேப்பர் இரண்டை நிறுத்தும்படி ஆகிவிட்டது. செயற்குழுக் கூட்டங்களில் பாதிக்குக் குறைந்தபட்ச வருகையே சேரவில்லை. தீர்மானம் போட ஆள் இல்லாமல் செயலாளரும் பொருளாளரும் எதிரெதிரே உட்கார்ந்து எழுந்து வந்த நாட்கள் உண்டு. பிறகு, எங்களைக் கேட்காமல் செய்தார் என்று புகார் சொல்வதில் நியாயம் இல்லை.

கட்டட உரிமையாளர், தலைவர், பொருளாளர், நோட்டுப் புத்தகம் உபயம் செய்தவர், கண் முகாம் மருத்துவக் குழுவினர், தினமும் படிப்பகத்தைப் பெருக்கித் திறந்து வைக்கும் அக்கா ஆகிய அனைவருக்கும் சங்கத்தின் சார்பில் நன்றி.

வரும் ஆண்டு மார்ச்சிலிருந்து வாடகை ஏறுகிறது. பழைய பாக்கி வந்தால் நிறுத்திய பேப்பர்களைத் திரும்பப் போடலாம், பெயர் நோட்டையும் சின்னப் புத்தகமாக அச்சடிக்கலாம். செயலாளர் பொறுப்புக்கு வேறொருவர் வர விரும்பினால் முழு மனதோடு சாவியைக் கொடுக்கிறேன். மூன்று பத்தியையும் அழிக்காமல் எழுதுவேன் என்று பொதுக்குழு முன் ஒப்புக்கொண்டால் போதும். மனக்கசப்பில் விலகியிருக்கும் நண்பர்கள் வந்து பேச வேண்டும். பலகையில் நான் எழுதிய எண் தப்பு என்றால் சரியான எண்ணையும், அதை யார் சொன்னார்கள் என்பதையும் கொண்டுவாருங்கள், உங்கள் கையாலேயே எழுதலாம். பர்மா, மலேயா, ஈழம், எங்கே ஆனாலும் சரி, வீட்டில் போரில் போனவர்கள் இருந்தால் பெயரைச் சொல்லுங்கள். ஞாயிறு மாலை 6 மணி முதல் 8 மணி வரை நானும் பொருளாளரும் படிப்பகத்தில் இருப்போம். சந்தா ரசீதுப் புத்தகமும் அங்கேயே இருக்கும்.

இப்படிக்கு,
செயலாளர்