ரேபிஸ் ஊசி மட்டும் போதாது

மதிப்புக்குரிய ஆசிரியருக்கு,

வணக்கம். காட்டோரத்திலும் வயல்வெளியிலும் நாய் வளர்ப்பவர்கள் பலர் ரேபிஸ் ஊசி ஒன்றைப் போட்டுவிட்டு நிம்மதியாக இருந்துவிடுகிறார்கள். நரி, கீரி, வௌவால் மூலம் வரும் அந்த நோய்க்கு ஊசி கட்டாயம்தான். 3 மாத வயதில் முதல் ஊசி, ஓராண்டில் பூஸ்டர் எனும் வலுவூட்டும் மறு ஊசி, அதன்பின் மருந்தைப் பொறுத்து ஆண்டுதோறுமோ 3 ஆண்டுக்கு ஒருமுறையோ போட வேண்டும். ஆனால் நரியிடமிருந்து டிஸ்டெம்பர் எனும் கொடிய வைரஸ் நோயும், எலி, காட்டுப்பன்றி ஆகியவற்றின் சிறுநீரிலிருந்து எலிக்காய்ச்சலும் நாய்க்குத் தொற்றும். ரேபிஸ் ஊசி இவற்றைத் தடுக்காது.

அதிகம் கோட்டைவிடுவது டிஸ்டெம்பர் ஊசியில்தான். 6 முதல் 8 வார வயதில் தொடங்கி, 3 அல்லது 4 வார இடைவெளியில், 16 வாரம் நிறையும்வரை போட வேண்டும். இரண்டு ஊசியோடு நிறுத்திவிடுவது பெரும் தவறு. சீம்பால் வழியாகத் தாய் கொடுத்த எதிர்ப்பாற்றல் குட்டியின் உடம்பில் இருக்கும்வரை தடுப்பு மருந்தையும் அது முறித்துவிடும். எந்த வாரத்தில் அது வடியும் என்பது குட்டிக்குக் குட்டி மாறும். 10 வாரத்தில் போட்ட ஊசி ஒரு குட்டிக்குப் பிடித்திருக்கும். அதன் கூடப்பிறந்ததற்குப் பிடித்திருக்காது. பார்வைக்கு இரண்டும் ஒன்றுபோலத் துள்ளிக்கொண்டிருக்கும். கடைசி ஊசியைத் தவறவிடக் கூடாது என்பது இதனால்தான்.

எலிக்காய்ச்சல் கிருமி ஈர மண்ணிலும் தேங்கிய நீரிலும் வாரக்கணக்கில் உயிரோடிருக்கும். பாதத்தில் சிறு சிராய்ப்பு இருந்தாலே உள்ளே நுழைந்துவிடும். 2 முதல் 4 வார இடைவெளியில் இரண்டு ஊசி, பிறகு ஆண்டுதோறும் ஒன்று. கிருமியின் எல்லா வகைக்கும் ஊசி கிடையாது என்பதால், குட்டைத் தண்ணீரைக் குடிக்க விடாதீர்கள். சோற்றுத் தட்டை இரவில் வெளியே வைக்காதீர்கள், எலியை அழைப்பதே அதுதான். காய்ச்சல், வாந்தியோடு கண்ணின் வெள்ளை மஞ்சளானால் அன்றே மருத்துவரிடம் காட்டுங்கள். மனிதருக்கும் தொற்றும் நோய் இது. அந்த நாயின் சிறுநீரைக் கையுறை இல்லாமல் துடைக்க வேண்டாம்.

புதர்ப்பக்கம் போய்வந்த நாயைக் காது மடலின் உட்புறம், கழுத்துப்பட்டையின் கீழ், கால்விரல் இடுக்கு, வாலடி எனத் தடவிப் பாருங்கள். உண்ணி இருந்தால் கூர்முனை இடுக்கியால் தோலை ஒட்டிப் பிடித்து, திருகாமல், நிதானமாக நேரே இழுங்கள். மண்ணெண்ணெய் ஊற்றுவதும் நெருப்பு வைப்பதும் ஆபத்து, நசுங்கவும் கூடாது. அதன் உமிழ்நீரும் குடல்நீரும் கடிவாயில் இறங்கினால் நோய்க்கிருமியும் சேர்ந்தே இறங்கும்.

நாயைக் காட்டு விலங்கு கடித்தால், கையுறை அணிந்து காயத்தைச் சோப்பும் ஓடும் தண்ணீருமாக 15 நிமிடம் கழுவுங்கள். ஏற்கெனவே ரேபிஸ் ஊசி போட்ட நாயானாலும் உடனே அதன் பூஸ்டர் தேவை. செத்த வௌவாலை வாயில் கவ்வியிருந்தாலும் கடிபட்டதாகவே கொள்ள வேண்டும்.

ரேபிஸ் தடுப்பூசி முகாம் நடத்துவோர், மற்ற ஊசிகளுக்கான தேதிகளையும் அட்டையில் எழுதிக் கொடுத்தால், ஊசி பாதியில் நின்றுபோகும் குட்டிகள் பல தப்பிக்கும்.

இப்படிக்கு,
கால்நடை மருத்துவர் ஒருவர்